மானியம்னா இலவசம் இல்லை

பூன் லேயில் மானியம்னு சொன்னா எல்லாருக்கும் வீவக வீட்டு மானியம்தான் ஞாபகம் வரும். ஆனா பழைய காலத்தில் அது பணம் இல்லை, நிலம். பெரும்பாலும் ஒரு வேலையோட சேர்ந்து வந்த நிலம்.

'மான்ய' என்ற சமஸ்கிருதச் சொல்லுக்கு மதிப்புக்குரியது என்று பொருள். சன்மானமும் அதே குடும்பம்தான். விஜயநகரக் காலக் கல்வெட்டுகளில் முழு வரிவிலக்கு பெற்ற நிலம் 'சர்வமானியம்'. அதற்கு முன்னால், சோழர் காலத்தில் நல்ல தமிழில் 'இறையிலி'. கடவுள் இல்லாதவர்னு படிச்சிடாதீங்க! இங்கே இறை என்றால் வரி.

ராஜா தன் கஜானாவில் இருந்து எடுத்துக் கொடுத்தார்னு நினைக்கிறோம். பல இடங்களில் அவர் விட்டுக்கொடுத்தது தனக்கு வர வேண்டிய வரியைத்தான். அந்த நெல் கோயிலுக்குப் போனது. உழுதவருக்குச் சுமை குறையலை, அளந்து கொட்டும் இடம் மட்டும் மாறியது. இதை நம்ம மேடைப் பேச்சுகளில் யாரும் சொல்றதில்லை.

கோயில் வேலைக்கும் தனித்தனி நிலம். மேளம் அடிப்பவருக்கு உவச்சக்காணி, பூந்தோட்டத்துக்குத் திருநந்தவனப்புறம். தஞ்சைப் பெரிய கோயிலில் முதலாம் ராஜராஜன் 400 தளிச்சேரிப் பெண்களுக்கு வீடும், ஆளுக்கு ஒரு பங்கும் கொடுத்தான். ஒரு பங்குக்கு வருஷம் 100 கலம் நெல். எந்தத் தெரு, எத்தனையாவது வீடு என்பது வரை கல்லில் இருக்கு. ஒருவர் இறந்தாலோ வெளியூர் போனாலோ, நெருங்கிய உறவினர் அந்தப் பங்கைப் பெற்று வேலையைச் செய்யணும். தகுதி இல்லையா? தகுதியுள்ள ஆளை வைத்துச் செய்யணும்.

மரியாதைதான், ஆனா கட்டும் அதுவே. வேலையை விட்டால் நிலம் போச்சு. பிறந்த வீட்டை வைத்தே பிள்ளையின் தொழில் முடிவாச்சு.

ஆங்கிலேயர் ஆட்சியில் இதற்கு 'இனாம்' என்ற அரபுச் சொல் நிலைத்தது. 1858-ல் மெட்ராஸ் மாகாணத்தில் இனாம் கமிஷன் அமைத்து, உரிமையைச் சரிபார்த்துப் பத்திரம் கொடுத்தார்கள். இன்னைக்கு இனாம்னா ஓசி! பிறகு டாக்டர் முத்துலட்சுமி ரெட்டியின் முயற்சியால் 1929-ல் சட்டம் திருத்தப்பட்டது. தேவதாசிப் பெண்கள் கோயில் ஊழியம் செய்யாமலே தங்கள் நிலத்தை வைத்துக்கொள்ள வழி பிறந்தது.

உங்க தாத்தா பாட்டி ஊரில் மானியம்னு பேர் உள்ள வயல் இருக்கா? யார் வேலைக்காக விட்ட நிலம்னு பெரியவங்ககிட்ட கேட்டு இங்கே எழுதுங்க.