காகிதமும் கதாநாயகனும்

கள்ள நோட்டு பல கைகளுக்கு மாறும். எங்காவது ஒரு கடைக்காரர் தடவிப் பார்த்துக் கண்டுபிடித்துவிடலாம். முத்திரைத்தாள் விஷயம் வேறு. எழுதிக் கையெழுத்திட்டுப் பெட்டியில் பூட்டிவிட்டால், தகராறு வரும்வரை அதை யாரும் வெளியே எடுப்பதில்லை. அப்துல் கரீம் தெல்கிக்கு மூலதனமாக அமைந்தது இந்தச் சங்கதிதான்.

கர்நாடகத்தில் பெல்காமை அடுத்த கானாப்பூர் அவருடைய ஊர். தந்தை ரயில்வே ஊழியர். அவர் காலமான பிறகு, பிள்ளை ரயிலில் பழம் விற்றுப் படித்தான். 1990களில் பம்பாயில் முத்திரைத்தாள் விற்க உரிமம் கிடைத்தது. நாசிக்கிலுள்ள சர்க்கார் அச்சகம் கழித்துவிட்ட இயந்திரங்களை வாங்கிப் போலித் தாள்களை அச்சடித்தார். வாங்கியவர்கள் எழுத்தறியாதவர்கள் அல்ல; வங்கிகளும் இன்ஷூரன்ஸ் கம்பெனிகளும் பங்குத் தரகர்களும்! கஜானாவுக்குச் சேரவேண்டிய பணம் தெல்கியைச் சேர்ந்தது.

2001ல் அஜ்மீரில் பிடிபட்டார். பின்னர் போலீஸ் உயர் அதிகாரிகள் சிலரே இந்த வழக்கில் கைதானார்கள். 2007ல் தெல்கிக்கு 30 ஆண்டுக் கடுங்காவலும் 202 கோடி ரூபாய் அபராதமும் விதித்தார்கள். 2017ல், தண்டனை முடியுமுன்பே, பெங்களூர் ஆஸ்பத்திரி ஒன்றில் இறந்தார்.

பத்திரிகையாளர் சஞ்சய் சிங் இதைப் பற்றி ஹிந்தியில் எழுதிய புத்தகத்தைத் தழுவி, 2023ல் 'ஸ்காம் 2003' என்ற தொடர் வெளிவந்தது. துஷார் ஹிராநந்தானி இயக்க, ககன் தேவ் ரியார் தெல்கியாக நடித்தார். பார்த்துக்கொண்டிருந்த எனக்கு ஓர் இடத்தில் தூக்கிவாரிப்போட்டது. போலீஸார் நெருங்குகிறார்கள், 'ஐயோ, இந்த ஆள் மாட்டிக்கொள்ளக் கூடாதே!' என்று என் மனம் தவிக்கிறது!

நடிகரைக் குறை சொல்லிப் பயனில்லை. நானும் கதை எழுதுகிறவன். என்னிடம் இந்த விஷயம் வந்திருந்தால், நானும் ரயிலில் பழம் விற்ற பையனிடமிருந்துதான் ஆரம்பித்திருப்பேன். பசித்த பையனுக்கு ஒரு முகம் இருக்கிறது. கஜானாவுக்கு ஏது முகம்? அந்தப் பணத்தில் எழும்பியிருக்க வேண்டிய பள்ளிக்கூடத்தையோ, வந்திருக்க வேண்டிய மருந்தையோ எந்தக் காமிராவால் படம் பிடிக்க முடியும்? பறிகொடுத்த ஜனங்கள் கதைக்கு வெளியே நின்றுவிடுகிறார்கள். நின்றதோடு, பறித்தவனுக்காகப் பரிதாபமும் படுகிறார்கள்.

தொடர் முடிந்த இரவு, பீரோவைத் திறந்து என் வீட்டுப் பத்திரத்தை எடுத்தேன். விளக்கு வெளிச்சத்தில் தூக்கிப் பிடித்துப் பார்த்தேன். நல்ல தாளாகத்தான் தெரிந்தது.

தெல்கியிடம் வாங்கியவர்களுக்கும் அப்படித்தானே தெரிந்திருக்கும்?