ஹான் பேரரசின் மேற்கு எல்லைச் சுவர்

சீனாவின் கான்சு மாகாணத்தில், துன்ஹுவாங்கை அடுத்த பாலைநிலம் வரை நீண்டிருந்த எல்லை அரண் இது. சீனப் பெருஞ்சுவர் என்றதும் மனக்கண்ணில் எழும் செங்கல் மதில் மிங் காலத்தது. இந்த மண்சுவர் அதைவிட ஆயிரம் ஆண்டுகளுக்கும் மேல் மூத்தது.

கி.மு. 121இல் தளபதி ஹூவோ சூபிங் சியோங்னு நாடோடிகளை ஹெக்சி பகுதியிலிருந்து துரத்தினார். ஹான் பேரரசர் வூ அங்கே படைவீரர்களையும் உழவர்களையும் குடியேற்றி, சுவரை முதலில் ஜியுசுவான் வரையும் பின்னர் துன்ஹுவாங்கை அடுத்த யூமென் வாயில் வரையும் நீட்டினார். வடக்கே சியோங்னு, தெற்கே சியாங் மக்கள். இருவரும் கைகோத்துவிடக் கூடாது என்பதே அவருடைய முதல் கவலை. மேற்கே செல்லும் வணிகப் பாதையைக் காப்பதும், அனுமதிச் சீட்டின்றி எவரும் எல்லை தாண்டாமல் பார்ப்பதும் அதோடு சேர்ந்தன.

கல்லுக்குப் பஞ்சமான நிலம் அது. நாணல், சவுக்கு போன்ற தாமரிஸ்குக் கிளைகள் ஆகியவற்றைப் பரப்பி, மேலே சரளை கொட்டி, மீண்டும் நாணல் என்று அடுக்கடுக்காக எழுப்பினார்கள். நிலத்தடி உப்பு ஊறி இவற்றை இறுக்கிவிட்டது. யூமென் அருகே சில இடங்களில் சுவர் இன்றும் 3 மீட்டர் உயரத்துக்கு நிற்கிறது.

பெரும்படையைத் தடுத்து நிறுத்த இந்தச் சுவர் மட்டும் போதாது. சுவரின் உண்மையான வலிமை அதன் கண்காணிப்பில்தான் இருந்தது. காவல் கோபுரங்கள் பகலில் புகையாலும் கொடியாலும், இரவில் தீப்பந்தத்தாலும் செய்தி கடத்தின. பகைவரின் எண்ணிக்கைக்கு ஏற்ப அடையாளம் மாறும். சுவரோரம் மணலைச் சீராக வாரிப் பரப்பி வைப்பார்கள். இரவில் யாராவது கடந்திருந்தால் காலையில் ரோந்து வரும் வீரன் காலடித் தடத்தைக் கண்டுவிடுவான்.

கி.பி. 107இல் சியாங் கிளர்ச்சி வெடித்தபோது ஹான் அரசு சுவருக்கு அப்பாலிருந்த மேற்குப் புலங்களைக் கைவிட்டது. அதன்பின் இங்கே காவலும் தளர்ந்தது.

1907இல் ஆரல் ஸ்டைன் இக்கோபுரங்களின் குப்பைமேடுகளில் எழுத்துள்ள மரச்சில்லுகளைக் கண்டெடுத்தார். வடகிழக்கே ஜூயான் காவல் வரிசையில் 1930–31இல் சுமார் 10,000 சில்லுகள் கிடைத்தன. தானியப் படி, ரோந்துக் குறிப்பு, துணி விற்ற கடன் எல்லாம் அவற்றில் பதிவாகியுள்ளன. அவற்றின்படி, இலையுதிர்கால வில் தேர்வில் 12 அம்புகளில் 6 குறியில் பட வேண்டும். அதற்கு மேல் பட்ட ஒவ்வோர் அம்புக்கும் 15 நாள் பணி கூடுதலாக வரவு வைக்கப்பட்டது. அரசவை வரலாறுகள் பேசாத எளிய காவலனின் வாழ்க்கையை இவ்வளவு நெருக்கமாகக் காட்டும் சான்று வேறு அரிது. யூமென் வாயில் 2014இல் யுனெஸ்கோ உலக மரபுப் பட்டியலில் பட்டுப்பாதைத் தலங்களுள் ஒன்றாகச் சேர்ந்தது.