நாமக்கல் சமவெளியும் இலங்கைத் தோட்டத் தமிழரும்

இலங்கைத் தோட்டங்களுக்கு ஆட்களைப் பெரிதும் அனுப்பியவை சேலம், திருச்சிராப்பள்ளி மாவட்டங்களே. நாமக்கல் வட்டம் இடையிற் சில ஆண்டுகள் பின்னதனோடு இணைந்திருந்தமையின், அதன் மக்களை இரு மாவட்டக் கணக்கிலும் தேட வேண்டியுள்ளது. 1876–78 பஞ்சம் பலரைக் கங்காணியர்பால் முன்பணம் பெறச் செய்தது. அக்கடன் 1921 வரை ‘துண்டு’ என்னும் சீட்டாகத் தொழிலாளியைத் தொடர்ந்தது.

1948-இல் பாலத்தீனர் ஏறத்தாழ 7 இலட்சம் பேர் மண்ணை இழந்தனர். அவ்வாண்டே எழுந்த இலங்கைக் குடியுரிமைச் சட்டம், தந்தை அங்குப் பிறந்தமைக்குச் சான்று கேட்டுத் தோட்டத் தமிழருள் மிகப் பலரை இருந்த இடத்திலேயே நாடற்றோராக்கிற்று. லயத்தில் பிறந்தார்க்குச் சான்று ஏது?

1964-ஆம் ஆண்டின் சிறிமா–சாத்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியாவுக்கு உரியராக்கிற்று. ஆங்கு ‘இந்தியர்’ எனப்பட்டோர் ஈங்குச் ‘சிலோன்காரர்’ ஆயினர். பாட்டனின் ஊர்ப்பெயரை அறிந்த பலர்க்கு அவ்வூரில் நிலமில்லை. ஆதலின், தாயகம் திரும்பினர் என்னும் வழக்கை நாம் ஐயத்துடனேயே ஆள்கின்றோம். அவருட் சிலர் நீலகிரியில் அரசு அமைத்த தேயிலைத் தோட்டங்களில் மீண்டும் கொழுந்து கிள்ளினர்.