கேள்வி எழும் இடத்திலேயே பதில்: தேனி மாவட்டத்தில் மருத்துவப் பணியாளர் வழிகாட்டல்

மருத்துவப் பணியாளர் படிப்பு முடித்துப் பதிவு பெற்ற பிறகு பெறும் கல்வியை இந்தியாவில் மணிக்கணக்கில்தான் அளக்கிறார்கள். ஐந்தாண்டுகளில் 30 மணி நேரமாவது மருத்துவர் தொடர் கல்வியில் பங்கேற்க வேண்டும் என்று 2002ஆம் ஆண்டின் மருத்துவ நெறிமுறை விதிகள் கூறுகின்றன. பிரசவம் பார்க்கும் செவிலியருக்கான தேசியப் பயிற்சி 21 நாள். வருகைப் பதிவும் சான்றிதழும் இருந்தால் பயிற்சி நடந்ததாகக் கொள்ளப்படுகிறது. இந்த வகுப்புகள் வேண்டாதவை அல்ல. அடிப்படை அறிவை வேறு வழியில் பரப்ப முடியாது. ஆனால் பயிற்சி முடித்துத் தம் நிலையத்துக்குத் திரும்பிய செவிலியர், வகுப்பில் காட்டப்படாத ஒரு நோயாளியின் முன் தயங்கும்போது யாரைக் கேட்பார் என்பது இந்தக் கணக்குக்குள் வருவதே இல்லை. தம் முன் அமர்ந்திருக்கும் நோயாளியைப் பற்றி அன்றே, அச்சமின்றி, மூத்தவர் ஒருவரைக் கேட்டுப் பதில் பெறும்போதுதான் பணியாளரின் திறன் வளர்கிறது. அந்தக் கேள்வி-பதிலை ஆளுக்கு ஆள் மாறும் நல்லெண்ணத்திடம் விட்டுவிடாமல் அன்றாட வேலையின் ஒழுங்காகவே அமைக்க முடியும் என்பதே இக்கட்டுரையின் வாதம். அதற்கான சான்று தேனி மாவட்டத்திலேயே இருக்கிறது.

மதுரையில் 1976இல் 11 படுக்கைகளுடன் டாக்டர் கோ. வெங்கடசாமி தொடங்கிய அரவிந்த் கண் மருத்துவமனை, 1985இல் தேனியில் கிளை திறந்தது. அப்போது தேனி தனி மாவட்டம் ஆகியிருக்கவில்லை. மதுரையிலிருந்து அது பிரிந்தது 1997இல். கிளை வந்த பிறகும் ஒரு சிக்கல் தீரவில்லை. ஊர் ஊராக நடந்த கண் சிகிச்சை முகாம்கள் கண்புரையைக் கண்டுபிடித்தன. ஆனால் முகாம் நடக்கும் நாளில் வேலைக்குப் போனவரும், முகாம் முடிந்த மறுவாரம் கண்ணில் அடிபட்டவரும் அதற்குள் வரவில்லை. ஆகவே சுமார் 50,000 மக்களுக்கு ஒன்று என்ற அளவில் நிரந்தரமான சிறு மையங்களை அமைக்கும் திட்டம் 2004 முதல் நடைமுறைக்கு வந்தது. மக்கள் விஷன் சென்டர் என்று சொல்லும் கண் பரிசோதனை மையங்கள் இவை. தொடக்க ஆண்டுகளிலேயே ஆண்டிபட்டி, போடிநாயக்கனூர், சின்னமனூர், பெரியகுளம் முதலிய ஊர்களின் மையங்கள் தேனி மருத்துவமனையுடன் இணைக்கப்பட்டன. வைகை அணைப் பக்கத்து விவசாயிக்கு ஆண்டிபட்டி பக்கத்து ஊர். கூலியை விட்டுவிட்டு ஒரு நாள் முழுதும் அலைய வேண்டியதில்லை.

ஒவ்வொரு மையத்திலும் மருத்துவரை அமர்த்துவது இயலாத செயல். எனவே மையத்தை நடத்துவது பயிற்சி பெற்ற கண் தொழில்நுட்பப் பணியாளர் ஒருவர், பெரும்பாலும் இளம்பெண். அவர் பார்வையை அளக்கிறார், கண்ணாடிக்கான பவரைக் கணிக்கிறார், ஸ்லிட் லேம்ப் கருவியில் கண்ணின் முன்பகுதியைப் பார்க்கிறார், கண் அழுத்தம் சோதிக்கிறார், தேவையானால் படம் எடுக்கிறார். அதன்பின் தேனியில் இருக்கும் மருத்துவருடன் காணொலியில் பேசுகிறார். நோயாளியும் மருத்துவருடன் நேரில் பேசுவது போலப் பேசுகிறார். ஐயம் எழுந்த நோயாளிக்கு மட்டும் செய்யும் ஏற்பாடாக இது வைக்கப்படவில்லை. மையத்துக்கு வரும் ஒவ்வொருவருக்கும் மருத்துவரின் பார்வை உண்டு என்பதே விதி.

வழிகாட்டல் நடப்பது இந்த விதியால்தான். பணியாளர் தாமே கண்டதை முதலில் சொல்ல வேண்டும். பிறகு மருத்துவர் படத்தைப் பார்த்து ஒப்புக்கொள்வார், அல்லது திருத்துவார். நாளொன்றுக்கு இப்படிப் பல முறை நடக்கிறது. ஒரு கருவிழிப் புண்ணை எடுத்துக்கொள்ளலாம். நெல் தூற்றும்போது உமி தெறிப்பதும், கரும்புத் தோகை கண்ணைக் கீறுவதும் இப்பகுதி உழவர்க்குப் புதிதல்ல. மதுரை மாவட்டத்தில் நடந்து 1996இல் வெளியான ஓர் ஆய்வு, ஆண்டுக்கு ஒரு லட்சம் பேரில் 113 பேருக்குக் கருவிழிப் புண் ஏற்படுவதாக மதிப்பிட்டது. அமெரிக்காவில் பதிவான விகிதத்தைப் போல இது பத்து மடங்கு. பூஞ்சையால் வரும் புண்ணின் விளிம்பு இறகு போலப் பிசிறி நிற்கும். பாக்டீரியாவால் வந்ததற்குப் பெரும்பாலும் விளிம்பு தெளிவாக இருக்கும். பூஞ்சைப் புண்ணுக்கு ஸ்டீராய்டு கலந்த சொட்டு மருந்தைக் கடையில் வாங்கி விட்டுக்கொண்டால் கண்ணே போய்விடக்கூடும். இந்த வேறுபாட்டைப் பாடப்புத்தகப் படம் ஓரளவு சொல்லித்தரும். ஆனால் எதிரே அமர்ந்திருப்பவரின் சிவந்து நீர் வழியும் கண்ணில் அதைத் தேடும் வேளையில், 'விளிம்பை இன்னொரு முறை பாருங்கள், வெளிச்சத்தைச் சற்றுச் சாய்த்துப் பாருங்கள்' என்று ஒருவர் சொன்னால் அது வேறு வகைக் கற்றல். அடுத்த முறை அந்தப் பணியாளர் சொல்லாமலே வெளிச்சத்தைச் சாய்ப்பார்.

இந்தப் பணியாளர்கள் உருவாகும் விதமும் முக்கியமானது. பன்னிரண்டாம் வகுப்பு முடித்த கிராமத்துப் பெண்களைத் தேர்ந்து இரண்டாண்டுப் பயிற்சி தரும் முறையை அரவிந்த் தொடக்க காலத்திலிருந்தே வளர்த்தது. அதில் டாக்டர் கோ. நாச்சியாரின் பங்கு பெரிது. சில மாதங்கள் அடிப்படை வகுப்பு, அடுத்து ஒரு துறையில் சிறப்புப் பயிற்சி, பிறகு மூத்த பணியாளரின் பக்கத்தில் நின்று செய்யும் வேலை என்று அது நகர்கிறது. கற்றவரே அடுத்த ஆண்டு வருபவருக்குக் கற்பிப்பவர் ஆகிறார். அங்குள்ள அறுவை மருத்துவர் ஒருவர் ஆண்டுக்குச் சுமார் 2,000 கண்புரை அறுவைகள் செய்ய முடிவதற்கு இப்பணியாளர்களே முதற்காரணம் என்பதை அந்நிறுவனத்தை ஆராய்ந்தவர்கள் பலரும் குறிப்பிட்டுள்ளனர்.

தேனியின் அனுபவத்தில் கவனம் பெறாத இன்னொரு வழிகாட்டலும் உண்டு. மையங்களை மருத்துவமனையுடன் இணைத்தது, கலிபோர்னியாவின் பெர்க்லி பல்கலைக்கழகத்தில் எரிக் புரூவர் தலைமையிலான குழு உருவாக்கிய நெடுந்தூர வைஃபை இணைப்பு. அதற்கு ஒரு கோபுரத்திலிருந்து இன்னொரு கோபுரம் மறைப்பின்றித் தெரிய வேண்டும். மேற்குத் தொடர்ச்சி மலைக்கும் வருசநாட்டு மலைக்கும் நடுவே விரிந்த சமவெளி அதற்கு வாய்ப்பாக இருந்தது. சிக்கல் மின்சாரத்தில் வந்தது. மின்னழுத்தம் ஏறி இறங்கியதில் மின் அடாப்டர்கள் கருகின, நினைவட்டைகள் பழுதாயின. கடல் கடந்த பல்கலைக்கழகத்திலிருந்து ஒவ்வொரு முறையும் ஆள் வந்து சரிசெய்வது நடக்காத காரியம். ஆகவே பழுதை முதலில் மருத்துவமனையின் பணியாளர்களே ஆராய்வது, அவர்களால் முடியாததை உள்ளூர் விற்பனையாளர் பார்ப்பது, அதற்கும் அடங்காதது மட்டும் ஆய்வாளர்களிடம் போவது என்ற வரிசை படிப்படியாக உருவானது. 2008இல் அக்குழு வெளியிட்ட ஆய்வுரை, கிராமப்புற வலையமைப்பை உயிரோடு வைத்திருப்பதில் தொழில்நுட்பத்தைப் போலவே உள்ளூர் ஆட்களின் திறனும் கணக்கில் வர வேண்டும் என்பதை முதன்மையாக முன்வைத்தது. வழிகாட்டுபவர் தம் தேவையைத் தாமே குறைத்துக்கொண்டே வந்த முறை இது. மருத்துவத்திலும் நல்ல வழிகாட்டலை இப்படித்தான் அடையாளம் காண வேண்டும்: ஓராண்டுக்கு முன் மருத்துவரைக் கேட்டதை இன்று பணியாளர் தாமே சொல்கிறாரா, இன்று அவர் கேட்பது அதைவிடக் கடினமான கேள்வியா?

இதற்கு வலுவான எதிர்வாதம் உண்டு. கண் மையத்தில் நடப்பது எளிதான செயல். படம் எடுத்து அனுப்பலாம், நோயாளி அரைமணி காத்திருப்பார். பிரசவ அறையில் இரத்தப்போக்கு தொடங்கினால் காணொலிக்கு நேரமில்லை. இந்த எதிர்வாதத்துக்குப் பின்னால் ஒரு பெரிய ஆய்வே நிற்கிறது. உத்தரப் பிரதேசத்தின் 24 மாவட்டங்களில் 120 சுகாதார நிலையங்களில், ஒன்றரை லட்சத்துக்கும் மேற்பட்ட பிரசவங்களைப் பின்தொடர்ந்த பெட்டர்பர்த் ஆய்வின் முடிவுகள் 2017 டிசம்பரில் நியூ இங்கிலாந்து ஜர்னல் ஆஃப் மெடிசின் இதழில் வெளியாயின. பாதியளவு நிலையங்களுக்கு வழிகாட்டிகள் எட்டு மாதம் நேரில் சென்று, உலக சுகாதார நிறுவனத்தின் பாதுகாப்பான பிரசவச் சரிபார்ப்புப் பட்டியலைப் பின்பற்றச் செவிலியர்க்குத் துணை நின்றனர். வழிகாட்டல் தொடங்கி இரண்டு மாதத்தில் அந்நிலையங்களில் செய்ய வேண்டியவற்றில் 72.8 விழுக்காடு செய்யப்பட்டன. மற்ற நிலையங்களில் 41.7. வழிகாட்டிகள் போய்விட்ட பின், பன்னிரண்டாம் மாதத்தில் 72.8 என்பது 61.7 ஆக இறங்கியது. தாய்-சேய் இறப்பையும் கடும் சிக்கல்களையும் சேர்த்துப் பார்த்த அளவில் இரு தரப்புக்கும் வேறுபாடே இல்லை: 15.1, 15.3 விழுக்காடு.

இந்த எண்களை வைத்து வழிகாட்டலே வீண் என்று முடிவு கட்டுவது அவசரம். செவிலியரின் நடத்தை மாறியது, மாறியது முழுதாக நிற்கவில்லை. வெளியிலிருந்து வந்த வழிகாட்டி திட்டக் காலம் முடிந்ததும் போனார். அவர் போனதும் கேள்வி கேட்க ஆளில்லை. தேனியின் கண் மையங்களில் மருத்துவரின் பார்வைக்குத் திட்டக் காலம் என்று எதுவும் கிடையாது. மையம் திறந்திருக்கும் நாளெல்லாம் அது உண்டு. உயிரிழப்பு குறையாததற்குக் காரணங்கள் வேறு இடங்களிலும் உள்ளன. இரத்தம், அறுவை வசதி, மேல் மருத்துவமனைக்கு வேகமாகச் செல்லும் வழி ஆகியவை இல்லாத இடத்தில் செவிலியரின் திறன் மட்டும் தாயைக் காப்பாற்றிவிடாது. வழிகாட்டலிடம் அது தர முடியாததைக் கேட்கக் கூடாது என்பதே பெட்டர்பர்த் தரும் நேர்மையான பாடம்.

தமிழ்நாடு அந்த மற்ற ஏற்பாடுகளில் வெகுதூரம் வந்துள்ளது. ஆரம்ப சுகாதார நிலையங்களில் மூன்று செவிலியரை அமர்த்தி 24 மணி நேரமும் பிரசவம் பார்க்கச் செய்ததும், தேர்ந்தெடுத்த அரசு மருத்துவமனைகளில் சீமாங் எனப்படும் அவசர மகப்பேறு மையங்களை அமைத்ததும், 2008 முதல் ஓடும் 108 ஆம்புலன்ஸும் சேர்ந்து பலன் தந்தன. 2001-03இல் ஒரு லட்சம் உயிர்ப்பிறப்புக்கு 134 ஆக இருந்த தாய் இறப்பு விகிதம், 2018-20இல் 54 ஆனது. ஆண்டிபட்டி வட்டத்தில், கண்டமனூருக்குப் பிரியும் சாலை முனையான க.விலக்கில் தேனி அரசு மருத்துவக் கல்லூரி மருத்துவமனை இயங்குகிறது. கடமலைக்குண்டு, மயிலாடும்பாறை, வருசநாடு பகுதிகளிலிருந்து வரும் ஒரே பெரிய சாலை வந்து சேருவதும் அந்த முனையில்தான். மலையடிவார ஊர்களின் கர்ப்பிணிக்கு அது எட்டும் இடம்.

இந்த முன்னேற்றமே வழிகாட்டலுக்குப் புதிய தேவை ஒன்றை உண்டாக்கியுள்ளது. சிக்கல் கூடிய கர்ப்பங்கள் முன்கூட்டியே கண்டறிந்து பெரிய மருத்துவமனைக்கு அனுப்பப்படுகின்றன. அது சரியான முறைதான். அதனால் ஆரம்ப சுகாதார நிலையத்துச் செவிலியர் ஒருவர் வலிப்புடன் வரும் கர்ப்பிணியை ஆண்டுக்கணக்கில் பார்க்காமலே இருக்கலாம். அப்படி ஒருவர் நள்ளிரவில் வந்தால், அனுப்புவதற்கு முன் மக்னீசியம் சல்பேட் முதல் தவணையைக் கணக்குத் தவறாமல் போடும் கை அவருக்கு வேண்டும். கண் மையத்தில் அன்றாட நிகழ்வே பயிற்சி ஆகிறது. பிரசவ அறையில் அரிய நிகழ்வை ஒத்திகையாக அடிக்கடி நிகழ்த்திக் காட்ட வேண்டியிருக்கிறது. கர்நாடகத்தின் பெல்லாரி, குல்பர்கா மாவட்டங்களில் நடந்த செவிலியர் வழிகாட்டித் திட்டம் பிரசவ அறை வழிகாட்டலைச் செவிலியரைக் கொண்டே செய்தது. ஆரம்ப சுகாதார நிலையங்களுக்கு முறை வைத்துச் சென்ற வழிகாட்டிச் செவிலியர்கள், அங்குள்ளவர்களுடன் சேர்ந்து நோயாளிக் குறிப்பேடுகளைப் பார்த்தனர், இல்லாத மருந்தைக் கண்டறிந்தனர், செய்முறையை உடனிருந்து செய்து காட்டினர். நிலையங்களின் ஆயத்தமும் செவிலியரின் அறிவும் உயர்ந்தன. வழிகாட்டி மருத்துவராக இருந்தாக வேண்டியதில்லை என்பதும் இங்கே தெளிவாகிறது. பிரசவ அறையில் இருபது ஆண்டு நின்ற மூத்த செவிலியர் சொல்வதை இளைய செவிலியர் கேட்பார். அவரிடம் தயங்காமல் கேட்கவும் செய்வார்.

ஆனால் அரசுக் கட்டமைப்பில் ஒரு தடை இருக்கிறது. கிராம சுகாதார செவிலியருக்கு மேல் பகுதி சுகாதார செவிலியர், அவருக்கு மேல் சமுதாய சுகாதார செவிலியர் என்று மேற்பார்வை வரிசை நெடுங்காலமாக உண்டு. ஏட்டளவில் இவர்களே வழிகாட்டிகள். நடைமுறையில் மேற்பார்வையாளரின் வருகை பதிவேடுகளையும் இலக்குகளையும் சரிபார்ப்பதிலேயே கழிந்துவிடுகிறது. குறையைக் கண்டால் மேலே எழுத வேண்டிய பொறுப்பும் அவருக்கே. தம்மைப் பற்றி அறிக்கை எழுதப் போகிறவரிடம் 'இது எனக்குத் தெரியவில்லை' என்று யாரும் எளிதில் சொல்லமாட்டார்கள். ஆகவே ஆய்வு செய்பவரும் வழிகாட்டுபவரும் ஒருவராகவே இருக்கக் கூடாது என்பதே அரசு அமைப்பில் செய்ய வேண்டிய முதல் மாற்றம். மற்றவை இதற்குப் பிறகுதான்.

கண் மையங்களின் முறையிலும் குறைகள் உண்டு. பயிற்சி பெற்ற இளம்பெண்களில் பலர் திருமணத்துக்குப் பின் வேலையை விடுகின்றனர். கற்பித்த உழைப்பும் கற்றவரின் அனுபவமும் அதோடு போகின்றன. ஒரே நிறுவனத்துக்குள் வளர்ந்த திறனுக்கு வெளியில் என்ன மதிப்பு என்ற கேள்வியும் நெடுநாள் விடையின்றி இருந்தது. கண் தொழில்நுட்பப் பணியாளர் உட்படப் பல துணை மருத்துவப் பிரிவினருக்குப் பதிவும் கல்வித் தரமும் வகுக்க 2021இல் வந்த தேசியச் சட்டம் அதற்கு வழி திறந்துள்ளது. வழிகாட்டலில் கற்ற ஆண்டுகளை அந்தப் பதிவு ஏற்குமா, அல்லது வகுப்பு மணிகளை மட்டுமே எண்ணுமா என்பது இப்பெண்களின் வாழ்க்கையைத் தீர்மானிக்கும் விஷயம், ஏற்பதே நியாயம்.

தேனியின் அனுபவத்திலிருந்து அரசு நிலையங்களுக்கு உடனே எடுத்துச் செல்லத்தக்கது மறுதகவல். கண் மையப் பணியாளர் தேனிக்கு அனுப்பிய நோயாளி பெரும்பாலும் அதே மையத்துக்குத் திரும்பி வருகிறார். தாம் நினைத்தது சரியா என்று பணியாளருக்குத் தெரிந்துவிடுகிறது. பொதுமருத்துவ அமைப்பில் ஆரம்ப சுகாதார நிலையத்திலிருந்து அனுப்பப்பட்ட தாய்க்குப் பெரிய மருத்துவமனையில் என்ன ஆயிற்று, முதல் தவணை மருந்து சரியான அளவா, இன்னும் ஒரு மணி முன்னதாக அனுப்பியிருக்க வேண்டுமா என்பவை அனுப்பிய செவிலியருக்கு முறையாக வந்து சேருவது அரிது. தாய் இறந்தால் விசாரணை உண்டு. பிழைத்துவிட்டால் அந்த நிகழ்விலிருந்து கற்பது அரிது. பிரசவ வார்டின் மூத்த செவிலியர் ஒருவருக்கு வாரத்தில் அரைநாளைப் பணி நேரமாகவே ஒதுக்கி, அந்த வாரம் வந்த தாய்மாரை அனுப்பிய நிலையங்களை அழைத்துப் பேசச் செய்தால் போதும். அதற்குப் புதிய கட்டடமோ கருவியோ தேவையில்லை; ஒரு தொலைபேசியும், அந்த அரைநாளில் வார்டைப் பார்த்துக்கொள்ள மாற்று ஆளும் வேண்டும். மாற்று ஆளுக்கான ஊதியமே வழிகாட்டலின் உண்மையான செலவு. வரவுசெலவுத் திட்டத்தில் பயிற்சி என்ற தலைப்பின் கீழ் வகுப்புக்கும் பயணப்படிக்கும் ஒதுக்கப்படும் தொகையில் ஒரு பகுதி இதற்கு வர வேண்டும்.