நீலத்துணியின் மறுபயன்பாடு: பள்ளிமுனைக் கரையிலிருந்து ஒரு நோக்கு

தேய்ந்து கிழிந்த ஜீன்ஸ் களிசான்களைப் பிரித்துத் தலையணை உறை, மெத்தை விரிப்பு, திரைச்சீலை முதலியவற்றைத் தைத்தல் இன்று பல நாடுகளில் ஒரு கைத்தொழிலாக வளர்ந்துள்ளது. சூழலியல் நோக்கில் இது பாராட்டப்படுகின்றது. ஆயின், பாராட்டுவதற்கு முன் அத்துணியினுள் உறைந்திருக்கும் உழைப்பு யாருடையது என வினவுதல் ஆய்வாளர் கடனாகும். மன்னார்த் தீவின் பள்ளிமுனை போன்றதொரு மீனவக் கிராமத்தில் நின்று இவ்வினாவை எழுப்புவது பொருத்தமானதே.

ஏனெனில், சாயத்தின் வரலாறு இக்கரைக்குப் புதியதன்று. 1658இல் மன்னாரைக் கைப்பற்றிய ஒல்லாந்தர், மன்னாரிலும் யாழ்ப்பாணத்திலும் அகழப்பட்ட சாயவேரைத் தமது தனியுரிமையாக்கினர். செந்நிறம் தரும் அவ்வேரைத் தோண்டும் பணி சாதியடிப்படையிலே தாழ்த்தப்பட்டோர்மீது சுமத்தப்பட்டது. முத்துக்குளிப்பைப் பற்றி எழுதிய அளவிற்கு வேர் தோண்டியோரைப் பற்றி நம்மவர் எழுதவில்லை. முத்து கண்ணைக் கவர்வது, வேர் மண்ணிற் கிடப்பது என்பதுதான் காரணம் போலும்.

டெனிமின் நீலமும் இத்தகையதொரு வரலாற்றையுடையது. வங்க விவசாயிகள் அவுரி பயிரிட மறுத்து 1859இற் கிளர்ந்தெழுந்தனர். தீனபந்து மித்ரவின் ‘நீல் தர்ப்பண்’ நாடகம் அக்கிளர்ச்சியினின்றும் பிறந்தது. 1860இல் வெளியான அந்நாடகத்தின் ஆங்கில மொழிபெயர்ப்பை வெளியிட்டமைக்காகப் பாதிரியார் ஜேம்ஸ் லாங் 1861இற் சிறை சென்றார். துணியின் வரலாறு இலக்கிய வரலாற்றினுள் இவ்வளவு நேரடியாக நுழைந்த சந்தர்ப்பங்கள் மிகச் சில. 1897இற் செயற்கை நீலம் சந்தைக்கு வந்தபின் அவுரித் தோட்டங்கள் அழிந்தன. நீலத்துக்கான தேவையோ பெருகிற்று.

டெனிமிற் பாவுநூல் மட்டுமே நீலச்சாயம் ஏற்பது. ஊடைநூல் வெள்ளையாகவே இருக்கும். சாயம் நூலின் புறத்தே மட்டும் படிவதால் உரசுமிடமெல்லாம் வெளிறுகின்றது. எனவே அணிந்தவரின் உழைப்பு துணியிலே வரைபடமாகப் பதிகின்றது எனலாம். தையற்காரருக்கு இது வேறொரு பாடம்: முழங்காற் பகுதி பயன்படாது, தொடையின் பின்புறம் பயன்படும். தடித்த இரட்டைத் தையல் ஊசியை முறிக்கும். மீள்தன்மையுடைய செயற்கை இழை கலந்த புதுவகைத் துணியைப் பழையதோடு இணைத்தால், விரிப்பு ஒருபுறம் இழுபடும். ஆகையால் இரண்டையும் பிரித்தெடுத்தல் வேண்டும்.

நமது வீடுகளிற் பழந்துணி ஒருபோதும் கழிவாக இருந்ததில்லை. பழஞ்சேலை ஏணையாயிற்று, வேட்டி விளக்குத் திரியாயிற்று, எஞ்சியது அடுப்படிப் பிடிதுணியாயிற்று. வங்கத்தார் பழஞ்சேலைகளை அடுக்கித் தைக்கும் ‘கந்தா’வும் நமது ‘கந்தை’யும் ஒரே சொல்வழி வந்தவை. 1990இற் போர் மீண்டும் மூண்டபோது மன்னாரிலிருந்து கடல் கடந்து மண்டபம் முகாமை அடைந்தோர் பலர். முகாம் வாழ்க்கையிற் சேலையே மறைப்பும் சுவருமாகும். இவை யாவும் பயன்பெறுமதியின் எல்லைக்குள் நின்றவை. எவரும் விலை கேட்கவில்லை, பெண்களின் உழைப்பையும் எவரும் கணக்கிடவில்லை.

விலை நுழையும்போது நிகழ்வதை அறிய அலபாமாவின் கீஸ் பெண்டை நோக்குதல் தகும். அங்கு அடிமைகளின் வழித்தோன்றல்களான கறுப்பினப் பெண்கள் வயலில் உடுத்துக் கிழிந்த டெனிம் ஆடைகளைக் குளிருக்கான போர்வைகளாகத் தைத்தனர். 1966இல் அப்பகுதியிற் குடியுரிமை இயக்கத்தின் சூழலிலே ‘சுதந்திரத் தையற் கூட்டுறவு’ உருவாயிற்று. 1972இற் சியர்ஸ் நிறுவனத்துக்கு அவர்கள் கோர்டுரோய்த் தலையணை உறைகளைத் தைத்துக் கொடுக்கத் தொடங்கினர். வருமானம் வந்தது, ஆனால் எல்லா உறைகளும் ஒரே அளவில், ஒரே அமைப்பில் இருத்தல் வேண்டுமென்பது வாங்குவோரின் நிபந்தனை. 2002இல் அவ்வூரின் பழைய போர்வைகள் நியூயோர்க்கின் விட்னி அருங்காட்சியகத்திற் கலைப்பொருளாகத் தொங்கின.

இலங்கையில் 1977இன் திறந்த பொருளாதாரமும் 1978இற் கட்டுநாயக்கவில் அமைந்த வர்த்தக வலயமும் கிராமத்து இளம்பெண்களைத் தையற்பொறிகளின் முன் அமர்த்தின. அவர்களுட் பெரும்பாலோர் ஆடையின் ஒரு துண்டை மட்டுமே தைப்பவர். முழு ஆடையைத் தைத்தறியாதவர். பழைய களிசானைப் பிரித்துப் புதுவிரிப்பாக்கும் வேலையில் வெட்டும் உரிமையும் வடிவமைக்கும் உரிமையும் மீண்டும் அவள் கைக்கு வரக்கூடும். பள்ளிமுனையில் இத்தொழிலை யாரேனும் தொடங்குவதாயின், களிசான்களை எங்கிருந்து திரட்டுவது என்பதன்று முதலிற் பேச வேண்டியது. ஒரு விரிப்புக்குச் செல்லும் தையல் மணித்தியாலங்களை எழுதி வைக்கும் கொப்பி யாரிடம் இருக்கும் என்பதே.