தொண்டியாருக்கு முன்பே இருந்த பேட்டை

தண்டையார்பேட்டைக்கு ஏன் அந்தப் பெயர் என்று கேட்டால், நம் பகுதிப் பெரியவர்கள் பெரும்பாலும் ஒரே பதிலைத்தான் சொல்வார்கள். இராமநாதபுரம் சீமையில், தொண்டிக்குப் பக்கத்துக் குணங்குடியில் பிறந்த மஸ்தான் சாகிபு என்ற பக்கீர் இங்கே வந்து தங்கினார். மக்கள் அவரைத் 'தொண்டியார்' என்று அழைத்தார்கள். அவர் இருந்த இடம் தொண்டியார்பேட்டை ஆயிற்று.

மஸ்தான் சாகிபு பிறந்தது 1792, மறைந்தது 1838. ஆனால் கிழக்கிந்தியக் கம்பெனி எழும்பூர், புரசைவாக்கம், தண்டையார்பேட்டை கிராமங்களை மொகலாயரிடம் பெற்றது 1693-இல். கம்பெனிக் குறிப்புகளில் நம் ஊர் 'தண்டோர்' என்று சிதைந்து கிடக்கிறது. ஆக, அவர் பிறப்பதற்கு 99 வருஷம் முன்பே ஊரும் இருந்தது, பெயரும் இருந்தது. காலமெல்லாம் கோப்புகளோடு கழித்தவன் நான். தேதி இடித்தால் விட மனசு வராது.

பெயர் வைப்பதில் இந்தப் பக்கத்து ஜனங்கள் தனிப் போக்கு உள்ளவர்கள். 1717 முதல் 1720 வரை கவர்னராக இருந்த ஜோசப் காலெட், திருவொற்றியூர் அருகே நெசவாளர்களுக்கு ஒரு பேட்டை அமைத்துத் தன் பெயரைக் கொடுத்தார். அதுதான் இன்றைய காலடிப்பேட்டை. கவர்னர் பெயர் ஜனங்கள் வாயில் காலடியாகி மறைந்தது. பக்கீருக்கோ, அவருக்கு முன்பே இருந்த ஊரையே எழுதி வைத்துவிட்டார்கள்.

ஏன் அவருக்கு? திருத்தணிகை சரவணப் பெருமாள் ஐயர் அந்த முஸ்லிம் ஞானியின் மேல் நான்மணிமாலை பாடியிருக்கிறார். எல்லாரும் உரிமை கொண்டாடக்கூடிய ஒருவர் இந்த ஊருக்குத் தேவைப்பட்டார் என்றே எனக்குத் தோன்றுகிறது. ஏனென்றால் இங்கே வந்து சேர்ந்தவர்கள் அத்தனை விதம்.

அடுத்துள்ள ராயபுரத்தைப் பாருங்கள். துறைமுகம் கட்டுமுன் கப்பல்கள் கடலில் தூரத்திலேயே நிற்கும். ஆணியில்லாமல் கயிற்றால் பலகைகளைத் தைத்த மசூலா படகுகள்தான் அலையைத் தாண்டிச் சரக்கையும் ஆட்களையும் கரை சேர்த்தன. அந்தப் படகோட்டிகள் எழுப்பியதே இராயப்பர் கோயில். புதுச்சேரியில் பிரெஞ்சு வழியில் படித்த எனக்கு இராயப்பர் என்றால் 'பியேர்'. அந்தச் சொல்லுக்குக் கல் என்றும் பொருள்.

பார்சிகள் 1795-இல் குடகிலிருந்து வந்தவர்கள். மேற்கு மாதா கோயில் தெருவில் அவர்களது அக்கினிக் கோயில் 1910-இல் எழுந்தது. 13 வயதில் இறந்துபோன மகன் ஜால் நினைவாக பிரோஜ் கிளப்வாலா கட்டியது. தமிழ்நாட்டில் அவர்களுக்கு இருப்பது அது ஒன்றுதான்.

1856 ஜூலை 1-ஆம் தேதி தென்னிந்தியாவின் முதல் பயணிகள் ரயில் சேவை ராயபுரத்திலிருந்து ஆற்காட்டுப் பக்கம் தொடங்கியது. ரயில் வேலையோடு ஆங்கிலோ இந்தியர்கள் பெருகினார்கள். தறியோடு வாழ்ந்த தெலுங்குக் குடும்பங்களும் உண்டு. 1916-இல் தொடங்கிய நீதிக்கட்சியின் தலைவர் பிட்டி தியாகராயர் அப்படிப்பட்ட தேவாங்கர் குலத்தவர். பழைய வண்ணாரப்பேட்டையில் அவர் பெயரில் கல்லூரி இருக்கிறது.

இவர்களில் பலர் இன்று இல்லை. துறைமுகம் வந்ததும் மசூலா படகுக்கு வேலை போயிற்று. ஆங்கிலோ இந்தியக் குடும்பங்கள் இங்கிலாந்துக்கும் ஆஸ்திரேலியாவுக்கும் போய்விட்டன. சென்னை முழுவதும் சேர்த்தால் பார்சிகள் சில நூறு பேர்தான். கோயிலும் ஸ்டேஷனும் தர்காவும் நிற்கின்றன. யார் கட்டினார்கள், ஏன் கட்டினார்கள் என்று சொல்லத் தெரிந்தவர்கள்தான் குறைந்து வருகிறார்கள். அது தெரியாமல் போனால், நாளைக்கு யாராவது வந்து இது எங்கள் ஊர் மட்டும்தான் என்றால், இல்லை என்று சொல்ல ஆள் இருக்காது.

உங்கள் பேரப்பிள்ளைகள் ஊர்ப்பெயரைப் பற்றிக் கேட்டால் 1693 என்ற வருஷத்தைச் சொல்லுங்கள். கூடவே தொண்டியார் கதையையும் சொல்லிவிடுங்கள்.