ஒல்லாந்தரும் நீரும்

ஒல்லாந்தர் என்னும் பெயர் இலங்கைத் தமிழருக்குப் புதியதன்று. 1658ஆம் ஆண்டிலே யாழ்ப்பாணத்தைப் போர்த்துக்கேயரிடமிருந்து கைப்பற்றி, 1795 வரை ஆண்டவர்கள் அவர்கள். தேசவழமை எழுத்துருப் பெற்றதும் அவர்கள் காலத்திலேயே. கடல் கடந்து இத்துணைத் தொலைவு வந்து கோட்டைகள் அமைத்த அம்மக்கள், தம் சொந்த நாட்டிலே அதே கடலுக்கு அஞ்சி, புயலிரவுகளில் விளக்கேந்திக் கரைகாத்து நின்றவர்கள். ஒல்லாந்தரின் வரலாற்றை அறிய விரும்புவோர், முதலில் அவர்களுடைய நிலத்தை அறிதல் வேண்டும்.

ஒல்லாந்து என்பது உண்மையில் முன்னாளில் ஒரு மாகாணத்தின் பெயர். அதன் செல்வமும் புகழும் மிகுந்தமையால், அயலார் நாடு முழுவதையும் அப்பெயராலேயே அழைக்கலாயினர். நாட்டின் முறையான பெயர் நெதர்லாந்து. ‘தாழ்ந்த நிலங்கள்’ என்பது அதன் பொருள். றைன், மாஸ், ஸ்கெல்ட் என்னும் மூன்று ஆறுகள் வடகடலிற் கலக்கும் கழிமுகத்திலே அது அமைந்துள்ளது. நாட்டின் ஏறக்குறைய நான்கிலொரு பங்கு கடல்மட்டத்திற்குக் கீழே கிடக்கின்றது. றொட்டர்டாம் நகருக்கு அண்மையிலுள்ள ஓரிடம் கடல்மட்டத்தினின்றும் 6 மீற்றருக்கு மேல் தாழ்ந்தது. சில இடங்களிலே புல்மேயும் பசுவின் தலைக்கு மேலான உயரத்தில், கரைக்கு அப்பால், படகுகள் மிதந்து செல்வதைக் காணலாம்.

இந்நிலம் படைப்பிலேயே இவ்வாறு தாழ்ந்திருந்ததோ எனின், பெரும்பகுதி அவ்வாறன்று. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் நாட்டின் மேற்குப் பகுதியிற் பெரும்பாலான நிலம் கடல்மட்டத்திற்குச் சற்று மேலேயே இருந்தது. அழுகிய செடிகொடிகள் நெடுங்காலம் அடுக்கடுக்காகப் படிந்து உண்டான, ‘பீட்’ எனப்படும் சதுப்பு மண் அது. உழவர்கள் வாய்க்கால் வெட்டி அச்சதுப்பின் நீரை வடித்துப் பயிரிட்டனர். நீர் வடிந்த சதுப்பு மண் சுருங்கும். காற்றுப் பட்டதும் மெல்ல மெல்லச் சிதைந்து மறையும். ஆகவே நிலம் தாழ்ந்தது. நிலம் தாழவே, வெள்ளத்தைத் தடுக்கக் கரைகள் வேண்டியிருந்தன. கரைக்குள்ளே தேங்கிய மழைநீரை வெளியேற்ற 15ஆம் நூற்றாண்டு முதல் காற்றாலைகள் வேண்டியிருந்தன. அவை நீரை இறைக்க இறைக்க நிலம் மேலும் தாழ்ந்தது. போதாக்குறைக்கு, அம்மண்ணையே வெட்டியெடுத்து உலர்த்தி விறகாகவும் எரித்தனர். வெட்டிய பள்ளங்கள் ஏரிகளாயின. ஏரிகள் புயற்காற்றிலே கரையரித்துப் பெருகின. இவ்வாறு தம் முன்னோர் தேடிய ஆபத்தையே பின்னோர் தலைமுறை தலைமுறையாகக் காக்க நேர்ந்தது.

காப்பது தனியொருவனால் ஆவதன்று. ஒருவனுடைய கரை உடைந்தால் ஊர் முழுவதும் மூழ்கும். இத்தேவையிலிருந்து பிறந்தவையே நீர்ச்சபைகள். 13ஆம் நூற்றாண்டிலேயே லெய்டன் நகரைச் சூழ்ந்த பகுதியில் அத்தகைய சபை இயங்கிற்று. நிலமுடையோர் யாவரும் தத்தம் நிலத்தின் அளவுக்கேற்பக் கரையிலும் ஒரு பங்கைப் பேணுதல் வேண்டும். பேண இயலாதவன் தன் மண்வெட்டியைக் கரையிலே குத்தி நிறுத்திவிட்டு, நிலத்தையும் துறந்து வெளியேற வேண்டும். அம்மண்வெட்டியைப் பிடுங்குபவன் நிலத்தோடு கடமையையும் ஏற்றவனாவான். உரிமையும் கடமையும் ஒரே மண்வெட்டியிற் கட்டுண்டிருந்தன.

இக்கட்டுத் தளர்ந்த போதெல்லாம் கடல் உள்ளே புகுந்தது. 15ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பிரபுக்களின் கட்சிப் பூசலால் நாடு பிளவுபட்டிருந்தது. கரைகள் கவனிப்பாரற்றுக் கிடந்தன. 1421ஆம் ஆண்டு நவம்பர் மாதத்திலே வீசிய புயலில் டோர்ட்ரெக்ட் நகரை அடுத்த பல கிராமங்கள் நீரில் அழிந்தன, அந்நகரமே தீவுபோலாயிற்று.

நீரைப் பகையாகக் கண்ட மக்கள் அதனைத் துணையாக அழைத்த காலமும் ஒன்றுண்டு. ஸ்பானிய மன்னன் இரண்டாம் பிலிப்பின் ஆட்சியை எதிர்த்து அவர்கள் கிளர்ந்தெழுந்த வேளையில், அவனுடைய படை லெய்டன் நகரை முற்றுகையிட்டது. நகருள்ளே பஞ்சமும் கொள்ளைநோயும் பரவின. கிளர்ச்சித் தலைவராகிய ஒரேஞ்ச் இளவரசர் வில்லியம், கரைகளை வெட்டி நாட்டுப்புறத்தை நீரில் ஆழ்த்துமாறு 1574இல் ஆணையிட்டார். விளைநிலங்கள் மூழ்கின. வாரக்கணக்கிற் காத்திருந்த பின் காற்றுத் திரும்பிற்று, நீர்மட்டம் உயர்ந்தது, தட்டையான படகுகள் வயல்களின் மேலாகவே நகரை நெருங்கின. ஸ்பானியப் படை பின்வாங்க, ஒக்டோபர் 3ஆம் திகதி லெய்டன் மீண்டது. அடுத்த ஆண்டே அங்கு ஒரு பல்கலைக்கழகம் நிறுவப்பட்டது.

விடுதலைப் போரோடு வாணிகமும் வளர்ந்தது. வாணிகச் செல்வம் நிலமாக மாறிற்று. அம்ஸ்டர்டாமுக்கு வடக்கேயுள்ள பேம்ஸ்டர் ஏரியை வற்றச் செய்யும் வேலை 1607இல் தொடங்கியது. 1610இல் புயலொன்று கரையை உடைத்து ஏரியை மீண்டும் நிரப்பிற்று. மனந்தளராது மறுபடியும் இறைத்து 1612இல் முடித்தனர். நாற்பதுக்கு மேற்பட்ட காற்றாலைகள் உழைக்க, ஏறக்குறைய 7,000 ஹெக்டேர் நிலம் கிடைத்தது. இதற்குப் பணமிட்ட வணிகருள் ஒருவர் டிர்க் வான் ஒஸ். பிற்காலத்தில் இலங்கையின் கரையோரத்தை ஆண்ட கிழக்கிந்தியக் கும்பனியை 1602இல் தொடக்கியவர்களுள் அவரும் ஒருவர். கறுவாவுக்கும் மிளகுக்கும் கப்பலனுப்பிய கைகளே ஏரியை வயலாக்கவும் பணமளித்தன.

காற்றாலைகள் துணியாத ஏரியும் ஒன்று இருந்தது. ஹார்லம் ஏரி 1836ஆம் ஆண்டுப் புயல்களிலே பொங்கி அம்ஸ்டர்டாம், லெய்டன் ஆகிய நகரங்களின் வாயில்வரை வந்தது. அதன்பின் மூன்று நீராவிப் பொறிநிலையங்கள் அமைத்து, 1849 முதல் 1852 வரை அதனை இறைத்து முடித்தனர். இன்று ஸ்கிப்போல் விமான நிலையம் அந்த ஏரிப்படுகையின் மீதே இருக்கின்றது. 1916இல் நேர்ந்த வெள்ளத்தின் பின் பொறியியலாளர் கொர்னேலிஸ் லேலியின் திட்டம் ஏற்கப்பட்டது. 32 கிலோமீற்றர் நீளமான அணையினாற் சௌடர்சே என்னும் உள்கடல் 1932இல் அடைக்கப்பட்டு நன்னீர் ஏரியாயிற்று. அதன் பகுதிகளை வற்றச் செய்து பெற்ற நிலத்திற் பிறந்த பிளேவோலாந்து, 1986இல் தனி மாகாணமாயிற்று. அக்கடலை நம்பி வாழ்ந்த மீனவர்களோ தம் தொழிலை இழந்தனர்.

இத்தனை வெற்றிக்குப் பின்னரும் பேரிடி ஒன்று காத்திருந்தது. தென்மேற்குக் கரைகள் உயரம் போதாதவை என்று பொறியியலாளர் யொகான் வான் வேன் 1930களிலிருந்தே எச்சரித்து வந்தார். போரும் பொருட்செலவும் முன்னின்றன, கரைகள் பின்னிட்டன. 1953ஆம் ஆண்டு ஜனவரி 31ஆம் திகதி இரவு, புயலும் பெருவற்றுப் பெருக்கும் ஒருங்கே வந்தன. உறக்கத்திலிருந்தோர் உட்பட 1,836 பேர் அந்நாட்டில் மாண்டனர். அவ்விரவு முடியுந் தறுவாயில், பல இலட்சம் மக்களைக் காத்து நின்ற ஒரு கரை றொட்டர்டாமுக்கு அண்மையிலே உடையலாயிற்று. படகோட்டி ஒருவர் தம் சரக்குப் படகை அவ்வுடைப்பிற் செலுத்திக் கதவுபோல் அடைத்தார். கரை நின்றது.

அப்பேரழிவின் விளைவே டெல்டாத் திட்டம். கழிமுகங்கள் ஒன்றன்பின் ஒன்றாக அடைக்கப்பட்டன. கிழக்கு ஸ்கெல்டை முற்றாக மூடினால் சிப்பி வளர்ப்பும் கடலுயிர்களும் அழியுமென மக்கள் எதிர்த்தனர். ஆதலால் அங்கு 62 கதவுகள் கொண்ட தடுப்பு 1986இல் நிறைவேறிற்று. வழக்கமான நாளில் அவை திறந்திருக்கும். புயற்காலத்தில் மட்டும் மூடும். 1995இல் ஆறுகள் பெருகி, ஏறக்குறைய 2,50,000 பேர் வீடுவிட்டு வெளியேற நேர்ந்த பின்னர், கரைகளைச் சில இடங்களிற் பின்தள்ளி ஆற்றுக்கு இடங்கொடுக்கவும் அம்மக்கள் இசைந்தனர்.

சதுப்பு நிலம் இன்றும் தாழ்கின்றது, கடலோ உயர்கின்றது. 1950இல் ஏறக்குறைய 2,500 ஆக இருந்த நீர்ச்சபைகள் ஒன்றிணைந்து 21 ஆகிவிட்டன. அவற்றுக்கு இன்றும் தனித் தேர்தலும் தனி வரியும் உண்டு. பாட்டன் கட்டிய கரை பேரனுக்குச் சொத்தாக வருகின்றது. அதனை உயர்த்தும் கடனும் கூடவே வருகின்றது. அக்கடனை மறந்த தலைமுறைக்கு நேர்ந்தது யாது என்பதை 1421உம் 1953உம் அந்நாட்டாருக்கு நினைவூட்டிக்கொண்டே இருக்கின்றன.